காக்கி உடைக்குள் ஒரு பாட்டாளி

ஏப்ரல் 14! பஞ்சாங்கம் புரட்டுவோருக்கு அது சித்திரைப் பிறப்பு. நமக்கோ அது அண்ணல் அம்பேத்கர் 1891இல் பிறந்த நாள், சமத்துவ நாள். இவ்விரண்டும் அறிந்த நம்மில் பலர் அறியாத மூன்றாவது ஒன்று அந்த நாளுக்கு உண்டு. நாடெங்கும் அன்று தீத்தொண்டு நாள். தீயணைப்பு நிலையத்து முற்றத்திலே மலர்வளையம் வைப்பார்கள், மாண்டவர்களை எண்ணித் தலைதாழ்த்தி நிற்பார்கள். மறுநாள் ஏடுகளில் எங்கோ ஒரு மூலையில் நான்கு வரி வரும். அதோடு சரி! அந்த நான்கு வரிக்குப் பின்னே கருகிப்போன 66 உயிர்கள் இருக்கின்றன என்பதை எத்தனை பேர் அறிவோம்?

ஆண்டு 1944. உலகப் போர் மூண்டிருந்த காலம். பம்பாய்த் துறைமுகத்திலே 'ஃபோர்ட் ஸ்டிக்கின்' என்றொரு கப்பல். அதன் வயிற்றிலே ஏறத்தாழ 1,400 டன் வெடிப்பொருள். அதே வயிற்றிலே ஆயிரக்கணக்கான பஞ்சுப் பொதிகள்! அடுப்படியிலே மண்ணெண்ணெய்ப் புட்டியை வைக்காதே என்று எழுத்தறியாத நம் தாய்மார்கள் சொல்வார்கள். கடலெல்லாம் கொடி பறக்கவிட்ட ஏகாதிபத்தியத்தின் அதிகாரிகளுக்கு அந்த அறிவு இல்லாமற் போயிற்று. வெடிமருந்து ஏற்றிய கப்பல் சிவப்புக் கொடி ஏற்றவேண்டும் என்பது துறைமுக வழக்கம். அந்தக் கொடியும் ஏறவில்லை. பிற்பகலில் புகை கிளம்பிற்று. தீயணைப்போர் வந்தார்கள். உள்ளே கிடப்பது இன்னதென்று தெரிந்த பிறகும் அவர்கள் குழாயைப் போட்டுவிட்டு ஓடவில்லை, நின்றார்கள், நீரைப் பாய்ச்சினார்கள். நான்கு மணி கடந்ததும் முதல் வெடிப்பு! அரைமணி நேரம் ஆவதற்குள் மற்றொன்று! துறைமுகம் தூளாயிற்று. பல நூறு பேர் மாண்டனர். அவர்களில் தீயணைப்போர் மட்டும் 66 பேர்.

பஞ்சையும் மருந்தையும் பக்கத்தில் பக்கத்தில் அடுக்கச் சொன்னவன் பத்திரமாக எங்கோ இருந்தான். மாதச் சம்பளத்துக்குக் குழாய் பிடித்தவன் மாண்டான். தோழர்களே, இந்த ஒன்றை மனத்தில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள். பம்பாயில் நடந்தது பம்பாயோடு முடியவில்லை.

வீரம் என்கிறோம், தியாகம் என்கிறோம். அண்ணாவின் பிறந்த நாளில் அண்ணா பெயரால் பதக்கமும் சூட்டுகிறார்கள். வேண்டாமென்று சொல்லவில்லை, மார்பிலே பதக்கம் மின்னட்டும்! ஆனால் புகழ்மொழிக்குப் பின்னே ஒரு மனிதனை மறைத்துவிடுகிறோம். அவன் காக்கி உடை தரித்த பாட்டாளி. ஆலைத் தொழிலாளிக்காக நாம் எழுப்பும் கேள்விகள் அவனுக்காகவும் எழவேண்டும். எத்தனை மணி நேரம் வேலை? கையிலே என்ன கருவி? எவன் செய்த பிழைக்கு எவன் உயிர் போகிறது?

சென்னையில் 1908இல் தொடங்கிய படை இது. இன்று தமிழகமெங்கும் முந்நூறுக்கும் மேற்பட்ட நிலையங்கள். 1985இல் தனிச் சட்டம் கண்டது. 'காக்கும் பணி எங்கள் பணி' என்பது அதன் முழக்கம். நிலையத்தைத் தாண்டிப் போகிறவன் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, "தீப்பிடித்தால்தானே இவர்களுக்கு வேலை? மற்ற நேரமெல்லாம் சும்மாதானே!" என்கிறான். சும்மாவா? காலையில் அணிவகுப்பு. பிறகு ஏணியை நிமிர்த்தி ஏறி இறங்கும் பயிற்சி, கயிற்றில் முடிச்சுப் போடும் பயிற்சி, குழாயை உதறி விரித்துச் சுருட்டும் பயிற்சி. நனைந்த குழாயைக் கழுவி உலர்த்தவேண்டும். ஈரத்தோடு சுருட்டினால் மக்கும்; மக்கிய குழாய், எரியும் வீட்டு வாசலிலே வந்து கிழியும். வண்டியின் எஞ்சினை முடுக்கிப் பார்க்கவேண்டும், தொட்டியில் நீர் நிறைந்திருக்கிறதா, பம்பு இழுக்கிறதா என்று பார்க்கவேண்டும். இத்தனையும் முடித்து இலையின் முன் உட்காரும்போதுதான் மணி அடிக்கும். பிசைந்த சோற்றை அப்படியே வைத்துவிட்டு எழுகிறான். வண்டி ஓட்டமெடுத்த பிறகுதான் பலருக்குச் சட்டைப் பொத்தானே போட நேரம்!

இன்னொரு கணக்கைக் கேளுங்கள். வழக்கமான தீயணைப்பு வண்டி ஒன்று சுமப்பது ஏறத்தாழ 4,500 லிட்டர் தண்ணீர். கேட்டால் ஏரி மாதிரித் தோன்றும். பம்பை முழுவேகத்தில் விட்டால் இரண்டு மூன்று நிமிடத்தில் தொட்டி காலி! பிறகு? பக்கத்துக் கிணறு, பக்கத்துக் குளம், பக்கத்து வாய்க்கால். எங்கே அந்தக் கிணறு? தூர்த்தாகிவிட்டது. எங்கே அந்தக் குளம்? மனை போட்டு விற்றாகிவிட்டது. ஏரியைப் பட்டா போட்டு விழுங்கியவன் ஊரின் குடிநீரை மட்டும் விழுங்கவில்லை, தீயணைப்போனின் ஆயுதத்தையும் சேர்த்து விழுங்கிவிட்டான். தண்ணீர் தேடி வண்டி திரும்பி ஓடும்போது, "தண்ணீர்கூட இல்லாமல் வந்துவிட்டான்" என்று தெருவே திட்டுகிறது! திட்டு யாருக்குப் போகவேண்டியது, யாருக்குப் போகிறது?

வெறும் துணிச்சல் போதாத வேலை இது. வெப்பம், எரிபொருள், காற்று இம்மூன்றும் கூடினால்தான் தீ. மூன்றில் ஒன்றைப் பிரித்தால் தீ சாகும். எதைப் பிரிப்பது என்பதை நொடியில் முடிவு கட்டவேண்டும். எண்ணெய் எரியும்போது தண்ணீரை ஊற்றினால், அந்த நீர் கணத்தில் ஆவியாகி ஆயிரத்து அறுநூறு மடங்குக்கு மேல் விரிந்து, எரியும் எண்ணெயை வாரி முகத்தில் வீசும். மின்சாரம் ஓடும் கம்பிமேல் பாய்ச்சினால், பாய்ச்சியவனையே அடிக்கும். சுடர் தொடுவதற்கு முன்பே புகை கொல்லும். ஆகவே முதுகிலே காற்றுக் குடுவையைக் கட்டிக்கொண்டு நுழைகிறான். அதிலே இருப்பது ஏறத்தாழ அரைமணி நேரக் காற்று. கடினமாக உழைத்தால் அதற்கும் குறைவு. கண் தெரியாத இருட்டில், சுவரைத் தடவிக்கொண்டு, முனகல் எங்கே கேட்கிறது என்று தேடுகிறான். அக்கினி தேவனுக்கு நெய் வார்த்து வளர்ப்பவர் உண்டு. அதே அக்கினியோடு மல்லுக்கட்டுபவர் உண்டு. முன்னவருக்குத் தட்சணை கைமேல் கிடைத்துவிடுகிறது. பின்னவர் படிக்கும் பயணப்படிக்கும் மனு எழுதிக் காத்திருக்கிறார்.

தீ மட்டுமா? கிணற்றில் விழுந்த மாட்டுக்கும் அவன்தான். சமையற்கட்டில் புகுந்த பாம்புக்கும் அவன்தான். பாத்திரத்துக்குள் தலையை விட்டுக்கொண்ட குழந்தைக்கும், கதண்டு கூடு கட்டிய பள்ளிக்கூடத்துக்கும் அவனே! 2015இல் சென்னை வெள்ளத்தில் மிதந்தபோதும், 2018இல் கஜா புயல் காவிரிப் படுகையைச் சாய்த்தபோதும், இடுப்பளவு நீரிலும் மரம் விழுந்த சாலையிலும் நின்ற காக்கிகளில் அவனும் உண்டு. 2019 அக்டோபரில் மணப்பாறை பக்கம் நடுக்காட்டுப்பட்டியில் ஆழ்துளைக் கிணற்றில் ஒரு குழந்தை விழுந்தது. இரவென்றும் பகலென்றும் பாராமல் தீயணைப்போரும் பிற மீட்புப் படையினரும் நாட்கணக்கில் போராடினர். உயிரோடு மீட்க முடியவில்லை. வற்றிப்போன குழாய்க் கிணற்றுக்கு ஒரு மூடி போட எவ்வளவு செலவாகும் என்று கேட்டுப் பாருங்கள். வெட்கமாக இருக்கும்.

எல்லாவற்றிலும் கொடியது மலக்குழி. மனிதனை மலக்குழிக்குள் இறக்குவது குற்றம் என்று 2013இல் சட்டம் செய்தாயிற்று. இன்னும் இறக்குகிறார்கள், இன்னும் சாகிறார்கள். இறங்குகிறவன் எந்தச் சேரியிலிருந்து வருகிறான் என்பதை நான் சொல்லவேண்டியதில்லை. முதலில் இறங்கியவன் மயங்க, தூக்கப்போன இரண்டாமவனும் மயங்க, கடைசியில் மணி அடிக்கிறது நிலையத்திலே. நச்சுக்காற்றிடையே இறங்கி அந்த உடல்களைச் சுமந்து ஏறுகிறான் தீயணைப்போன். சாதி தள்ளிய குழியிலிருந்து பிணத்தை மேலே கொண்டுவரும் வேலையும் அவன் தலையில்!

பழைய ரோமாபுரியிலே கிராசஸ் என்றொரு கோடீசுவரன். ஊரிலே எங்கே தீப்பிடித்தாலும் அவனுடைய ஆட்கள் அங்கே போய்விடுவார்கள். எதற்கு? எரிகிற வீட்டையும் அடுத்த வீட்டையும் பயந்து நடுங்கும் சொந்தக்காரனிடம் அடிமாட்டு விலைக்கு வாங்குவதற்கு! புளூட்டார்க் என்ற வரலாற்றாசிரியர் எழுதி வைத்திருக்கிறார். பின்னாளில் அகஸ்டஸ் பேரரசன் கி.பி. 6ஆம் ஆண்டில் தீக்காவல் படையை அமைத்தபோது, அதில் சேர்த்தது யாரை? பிரபுக்களின் பிள்ளைகளையா? இல்லை, விடுதலை பெற்ற அடிமைகளை! தீயிலே காசு பார்க்கிறவன் ஒருவன், தீயிலே கால் வைக்கிறவன் மற்றொருவன் என்ற ஏற்பாடு அன்றே தொடங்கிவிட்டது.

நியூயார்க் நகருக்கு வாருங்கள். 1911 மார்ச் 25. பத்து மாடிக் கட்டடத்தின் மேல் மூன்று தளங்களில் டிரையாங்கிள் என்ற சட்டைத் தொழிற்சாலை. வேலை செய்தவர்களில் பெரும்பாலோர் பிழைப்புத் தேடிக் கடல் கடந்து வந்த இளம்பெண்கள். எட்டாம் மாடியில் தீ. ஒன்பதாம் மாடியில் ஒரு கதவு பூட்டிக் கிடந்தது. பெண்கள் துணித்துண்டு திருடிவிடுவார்களாம், நேரத்துக்கு முன் நழுவிவிடுவார்களாம், அதற்காகப் பூட்டு! தீயணைப்போர் விரைந்து வந்தார்கள். அவர்களுடைய ஏணி ஆறாம் மாடிக்கு மேல் எட்டவில்லை. பெண்கள் சன்னலிலிருந்து குதித்தார்கள். விரித்த வலைகள் கிழிந்தன. மாண்டவர் 146 பேர். முதலாளிகள் அந்த ஆண்டு முடிவதற்குள் குற்றமற்றவர்கள் என்று விடுதலையானார்கள். ஏணியைப் பிடித்து நின்ற அந்தத் தீயணைப்போனின் கண்களை எண்ணிப் பாருங்கள்! கை இருக்கிறது, தண்ணீர் இருக்கிறது, துணிவு இருக்கிறது. குறுக்கே நிற்பது ஒரு பூட்டு.

நம் மண்ணிலும் அந்தப் பூட்டைக் கண்டோம். 2001 ஆகஸ்ட் 6, ஏர்வாடி. மருந்தும் மருத்துவமும் தரவேண்டிய மனநோயாளிகளைச் சங்கிலியால் கட்டிப்போட்ட கொட்டகை. விடியுமுன் பிடித்த தீயில் 28 பேர் சங்கிலியோடு எரிந்தனர். 2004 சூலை 16, குடந்தை. சமையல் கூடத்துத் தீ ஓலைக் கூரைக்குத் தாவிற்று. 94 பிஞ்சுகள்! நெருக்கமான கட்டடம், குறுகலான படிக்கட்டு, வகுப்பறைக்குமேல் ஓலை. கணக்குக்குப் பல பள்ளிகள், கூரை ஒன்று. சோதனைக்கு வந்தவர்கள் எதைப் பார்த்தார்கள்? அந்த வழக்கில் தஞ்சை நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 2014 சூலையில். பத்து ஆண்டு! செத்த குழந்தை உயிரோடிருந்தால் கல்லூரிக்குப் போயிருக்கும். கருகிய உடல்களைத் தூக்கிய தீயணைப்போரின் இரவுகளைப் பற்றி எந்த ஆணையத்திலும் எவரும் கேட்டதாக நினைவில்லை.

தீயணைப்போரே மாண்ட கதைக்கு வருவோம். 2012 சனவரியில் சேப்பாக்கம் எழிலகத்தில் பழைமையான கலச மகால் எரிந்தது. அரசின் சொந்தக் கட்டடம்! கூரை சரிந்ததில் ஓர் அலுவலர் உயிர் நீத்தார். அதிகாரி பிரியா ரவிச்சந்திரன் உள்ளிட்டோர் படுகாயமுற்றனர். பெண்ணுக்கு ஏன் தீயணைப்பு வேலை என்று மூக்கில் விரல் வைத்த பழைமைவாதிகளுக்கு அன்று விடை கிடைத்தது. 2017 சூலையில் கொடுங்கையூரில் ஒரு பேக்கரி தீப்பிடித்தது. சிலிண்டர் வெடித்து ஒரு தீயணைப்போன் மாண்டார். கூட்டம்கூடி வேடிக்கை பார்த்தவர்கள் பலர் வெந்தனர். சிலர் பின்னர் மருத்துவமனையில் இறந்தனர். 2020 நவம்பர் 14, தீபாவளி நாள், மதுரை விளக்குத்தூண் பக்கம் சந்தடி மிக்க குறுகலான தெருவில் துணிக்கடை எரிந்தது. பழைய கட்டடம் இடிந்து விழுந்து இரண்டு தீயணைப்போர் புதையுண்டு மாண்டனர். ஊரெல்லாம் இனிப்புத் தின்ற நாள் அது.

இவர்களைத் தீ கொன்றது என்று எழுதிவிட்டு எழுந்துவிடலாம். எனக்கு மனம் ஒப்பவில்லை. பட்டுப்போன கட்டடத்தைப் பழுதுபார்க்காதவன், ஒரு வாசலுக்குமேல் இன்னொரு வாசல் வைத்தால் கடைக்கு இடம் குறையும் என்றவன், படிக்கட்டிலே சரக்கை அடுக்கியவன், அந்தப் படிக்கட்டைப் பார்த்த பிறகும் தடையில்லாச் சான்றில் கையெழுத்திட்டவன் என்று வரிசையாக எத்தனை பேர்! தியாகராயநகர் உசுமான் சாலையில் 2017 மே 31 அன்று ஏழு மாடித் துணிக்கடை ஒன்று பற்றி எரிந்தது நினைவிருக்கும். காற்றுப் போக வழியில்லாத சுவர்களை உடைத்து நீர் பாய்ச்ச நேர்ந்தது. கடைசியில் கட்டடத்தையே இடித்துத் தள்ளினார்கள். தீயிலே ஓர் உயிரும் போகவில்லை என்பது நம் நற்பேறு. கடை திறந்து கூட்டம் நிறைந்த நேரத்தில் அது நடந்திருந்தால்? சான்று தரும் கை தீயணைப்புத் துறைக்குள்ளேயே இருக்குமானால், காசுக்காகக் கையெழுத்திடும் அந்தக் கை தன் தோழனின் கழுத்திலே சுருக்கு மாட்டுகிறது. இதைத் துறையில் உள்ள நேர்மையாளர்கள் நம்மைவிட உரக்கச் சொல்லவேண்டும்.

எட்டு மணி நேர வேலைக்காக 1886இல் சிகாகோவிலே தொழிலாளி இரத்தம் சிந்தினான். மே நாளில் அதைச் சொல்லிச் செங்கொடியும் இருவண்ணக் கொடியும் ஏற்றுகிறோம். இந்த நாட்டுத் தீயணைப்புப் படைகளிலோ, ஒரு முழு நாள் பகலும் இரவும் நிலையத்திலேயே கிடக்கும் முறை நெடுங்காலமாக வேர்விட்டிருக்கிறது. தூக்கம் கெட்ட கண்ணோடு நான்காவது அழைப்புக்கு ஓடுகிறவனுக்கு ஏணியின் படி தெரியுமா? எட்டு மணிநேரம் என்றால் மூன்று பிரிவு ஆள் வேண்டும், ஆள் எடுக்கவேண்டும், காலியிடத்தைக் காலியாகவே வைத்துக் கணக்கு மிச்சம் பிடிக்கக்கூடாது. வெப்பம் தாங்கும் உடையும் காற்றுக் குடுவையும் தலைநகர நிலையத்துக்கு மட்டும் என்றில்லாமல் கடைக்கோடி நிலையத்துக்கும் போகவேண்டும். நிலையத்தின் அருகிலேயே குடியிருப்பு வேண்டும். யார் ஆண்டாலும் இது கோரிக்கை. நம்மவர் ஆண்டால் கூடுதல் உரிமையோடு கேட்போம்.

டில்லிக்கும் ஒரு சொல். தீயணைப்பு உள்ளாட்சிப் பணி என்று அரசியல் சட்டத்தின் 12ஆவது அட்டவணை சொல்கிறது. சுமை நம் தோளில். வரி வாங்கும் பெட்டி அவர்கள் மடியில். 2023இல் நாடு முழுமைக்கும் சேர்த்து 5,000 கோடி ரூபாயில் தீயணைப்புத் துறையை விரிவாக்கும் திட்டம் அறிவித்தார்கள். பெரும்பாலான மாநிலங்கள் நான்கில் ஒரு பங்கு போடவேண்டும் என்பது விதி. எத்தனை மாநிலம், எத்தனை நகரம், எத்தனை ஆலை! பங்கிட்டுப் பார்த்தால் யானைப் பசிக்குச் சோளப்பொரி.

ஓலை இருக்கும்வரை தீயணைப்போனுக்கு ஓய்வில்லை. குடிசை எரிந்தால் ஏழையின் பானை, துணி, பிள்ளையின் பாடப்புத்தகம், குடும்ப அட்டை எல்லாம் ஐந்து நிமிடத்தில் சாம்பல். வண்டி வந்து சேர்வதற்குள் முடிந்துவிடும். 1970இல் கலைஞர் அரசு குடிசை மாற்று வாரியம் கண்டதும், 2024இல் அறிவித்த கனவு இல்லத் திட்டம் 2030க்குள் குடிசைக்குப் பதில் 8 லட்சம் வீடுகள் என்று குறி வைத்ததும், வீட்டுவசதிப் புள்ளிவிவரம் மட்டுமல்ல. ஒவ்வொரு கான்கிரீட் கூரையும் நிலையத்து மணி ஒருமுறை அடிக்காமல் இருப்பதற்கு உத்தரவாதம். அதிலே ஒரு வீடு கைமாறிப் போனாலும், ஒரு பயனாளி பெயர் பொய்யாக எழுதப்பட்டாலும், நம் தோழர்கள் அங்கே நின்று கேட்கவேண்டும்.

இனி நம் வீட்டுக் கதை. கசக்கும், ஆனாலும் சொல்லியாக வேண்டும். பொதுக்கூட்டம் என்றால் தெருவை அடைத்து மேடை போடுகிறோம். தலைவர் வருகிறார் என்றால் தெருமுனைக்கு ஒரு வளைவு, வளைவுக்குக் குழி, குழிக்கு இருபுறமும் கொடிக்கம்பம். வந்த வண்டிகளையெல்லாம் சந்து முனையில் நிறுத்திவிட்டு மேடையருகே போய்விடுகிறோம். அந்தச் சந்தின் உள்ளே ஓர் அடுப்பு கவிழ்ந்தால்? தீயணைப்பு வண்டி ஏறத்தாழ எட்டடி அகலம். நம் வளைவு அதற்கு வழிவிடுமா? வெற்றி வந்தால் பத்தாயிரம் வாலாச் சரம் கொளுத்துகிறோம், ஓலைக் கூரைக்குப் பக்கத்திலேயே! நமக்கு ஓட்டுப் போட்டவன் கூரை அது. சிவகாசி முதலிப்பட்டியில் 2012 செப்டம்பர் 5 அன்று பட்டாசு ஆலை வெடித்தபோது, உதவி செய்ய ஓடிய ஊர்மக்களே பலர் மாண்டார்கள். அவர்கள் ஓடியது இரக்கத்தால். இன்றோ எரிகிற கட்டடத்தின் முன்னால் கைப்பேசியைத் தூக்கிப் பிடித்துப் படமெடுக்கக் கூடுகிறோம். குழாய் இழுக்கும் வீரனின் காலை மிதிக்கிறோம். கொடுங்கையூரை இதற்குள் மறந்துவிட்டோமா?

ஒவ்வொரு கிளையும் தன் பகுதி நிலையத்துக்கு ஒருமுறை போகட்டும், மாலையோடு அல்ல, தாளும் பேனாவும் கொண்டு. எந்தத் தெருவில் வண்டி திரும்பாது, எந்தக் கிணற்றில் கோடையிலும் நீர் உண்டு, எந்தக் கொட்டகையில் என்ன சரக்கு அடைந்து கிடக்கிறது என்பதை உள்ளூர்த் தோழனைவிட நன்றாக அறிந்தவர் எவர்? எழுதி நிலைய அலுவலரிடம் கொடுக்கட்டும். அவரைப் படிப்பகத்துக்கு அழைத்து, எரியும் சிலிண்டரின் வாயை ஈரச் சாக்கால் மூடுவது எப்படி என்று தாய்மார்களுக்குக் காட்டச் சொல்லட்டும். 101 என்றோ 112 என்றோ அழைக்கிறவர் "தீ! தீ!" என்று கத்திவிட்டு வைத்துவிடாமல், ஊர், தெரு, அடையாளம், எரிவது என்ன, உள்ளே ஆள் உண்டா என்ற ஐந்தையும் சொல்லிவிட்டு வைக்கப் பழகட்டும். வேடிக்கைக்காகப் பொய் அழைப்பு விடும் விடலையைக் கண்டால் காதைத் திருகுங்கள்.

அடுத்த கூட்டத்துக்குப் பந்தல் போடுகிற தோழர்கள் அளவு நாடாவோடு போகவேண்டும். தெருவின் ஒருபக்கம் பன்னிரண்டடி அளந்து கோடு போட்டுவிட்டு, அதற்கு அப்பால் முதற்கழியை நடட்டும். வளைவு வைத்தே தீரவேண்டும் என்று எவராவது அடம்பிடித்தால், ஏணி ஏற்றிய வண்டி அதன்கீழ் நுழையும் உயரம் இருக்கிறதா என்று நிலையத்தில் கேட்டு வந்த பிறகு வைக்கட்டும்.